அன்ரனிட்டா விட்ட ஆட்டம்

எனக்கு பட்மின்ரன் பிடிக்காது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் குறை பிடிக்கக்கூடாது. செட்டை குத்திய ஒரு தக்கையை இரண்டு பேர் மாறி மாறி அடித்துக் களைப்பதில் என்ன சுகம் என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. ஆனால் என் மச்சாள் அன்ரனிட்டா பன்னிரண்டு வயதிலிருந்து அதைத் தவிர வேறு எதையும் பெரிதாக நினைத்ததில்லை. அவளுக்கு நடந்ததைச் சொல்ல விளையாட்டுப் பிரியர்கள் ஒருவரும் வாய் திறக்கவில்லை. ஆகவே நான் சொல்கிறேன்.

அன்ரனிட்டா, என் அம்மாவின் தமையன் சவிரிமுத்து மாமாவின் மகள். ஊர்காவற்றுறையில் எங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரு கிடுகு வேலிதான். 1996இல் இடம்பெயர்ந்த இடங்களிலிருந்து திரும்பி வந்தபோது அந்த வேலியும் இல்லை, வீட்டுக்குக் கூரையும் இல்லை. மாமாவின் வள்ளம் மட்டும் தப்பியிருந்தது. கடலுக்குப் போக நேவியின் பாஸ் வேண்டும், அதுவும் அவர்கள் சொன்ன நேரத்துக்குள் திரும்பிவிட வேண்டும். அந்த வருடம் ஏதோ ஒரு தொண்டு நிறுவனம் எங்கள் பள்ளிக்கூடத்துக்கு விளையாட்டுச் சாமான் கொண்டுவந்து கொடுத்தது. பெடியள் வொலிபோலைத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். பெட்டியின் அடியில் கிடந்த நாலு பட்மின்ரன் றக்கற்றையும் எவரும் தொடவில்லை. தொட்டு என்ன பயன்? எங்கள் தீவில் சோளகக் காற்று தொடங்கினால் குடையே நிற்காது. செட்டை குத்திய அந்தத் தக்கை, சட்டில், எப்படி நிற்கும்? முதல் நாள் அடித்த சட்டில் வேலிக்கு மேலால் போய்க் கடலில் விழுந்தது. எல்லாரும் சிரித்தார்கள். அன்ரனிட்டா மட்டும் முழங்கால் தண்ணீரில் இறங்கி அதை எடுத்துக்கொண்டு வந்தாள்.

துறைமுகத்துக்குக் கிட்ட பழைய சரக்குக் கிட்டங்கி ஒன்று ஷெல் விழுந்து கூரை போய்க் கிடந்தது. நாலு சுவரும் உயரமாக அப்படியே இருந்தன. உள்ளே குப்பையைக் கூட்டி, சுண்ணாம்பால் கோடு போட்டு, மாமாவின் கிழிந்த வலையைக் குறுக்கே கட்டி அவள் தனக்கு ஓர் ஆடுகளம் செய்துகொண்டாள். சுவருக்குக் கீழே காற்று இல்லை. சட்டில் சுவரைத் தாண்டி உயர்ந்தால் காற்று பிடுங்கிக்கொண்டு போய்விடும். அதனால் அவள் எதையும் உயர்த்தி அடிக்கப் பழகவில்லை. வலைக்கு மேலே ஒரு விரல் உயரத்தில் நேராக, விறுவிறு என்று அடிப்பாள். நரம்பு அறுந்தால் மாமா வலை பின்னும் தங்கூசி நூலை றக்கற்றில் இழுத்துக் கட்டிக் கொடுப்பார். அந்த றக்கற் அடிக்கும்போது ஒரு மாதிரி டொங் என்று சத்தம் போடும். அவளுடைய அம்மா, றோசம்மா மாமி, குசினியிலிருந்து அந்தச் சத்தத்தைக் கேட்டு, "இவளை எவன் கட்டப்போறான்" என்று எனக்குச் சொல்வார். நான் என்ன செய்ய?

கஜானி வந்தது 1998இல். வேலணைப் பிள்ளை. கோட்ட மட்டப் போட்டியில் அன்ரனிட்டாவோடு விளையாடித் தோற்றாள், அடுத்த நாளே சைக்கிளில் கிட்டங்கியைத் தேடிக்கொண்டு வந்துவிட்டாள். நல்ல உயரம், நல்ல தோள். பின்கோட்டிலிருந்து பின்கோட்டுக்கு அடிக்கிற பலம் அவளிடம் இருந்தது. தகப்பன் ஆழ்வாப்பிள்ளை தோட்டக்காணிகளும் பனங்காணிகளும் உள்ள மனுசன், கந்தோர் உத்தியோகமும் பார்த்தவர். மகளுக்கு யாழ்ப்பாணத்திலிருந்து கடை றக்கற் வாங்கிக் கொடுத்திருந்தார். இரண்டு பேரும் கிழமைக்கு நாலு நாள் ஒன்றாகப் பழகினார்கள். விளையாடி முடிந்தால் கஜானி எங்கள் மாமி வீட்டில்தான் சாப்பிடுவாள். வீட்டில் சைவம், இங்கே வந்தால் நண்டுக் குழம்புக்கு முதல் ஆள். மாமி நண்டை உடைத்து அவளுடைய கோப்பையில் வைத்துக் கொடுப்பார். என் கோப்பையில் ஒரு நாளும் உடைத்து வைத்ததில்லை.

யாழ்ப்பாணத்து உள்ளரங்கில் முதன்முதல் ஆடியபோது அன்ரனிட்டா படுதோல்வி. கூரை உள்ள இடத்தில் எதிராளி சட்டிலை வானத்துக்கு அடித்துப் பின்னுக்கு அனுப்பினாள். சட்டில் காற்றில் போகாமல் நேரே தலைக்கு மேலே வந்து விழுகிற அதிசயத்தை இவள் அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றாள். வெட்கம் அவளை விடவில்லை. அடுத்த இரண்டு வருடத்தில் காற்று விழுந்த காலைகளில் கஜானியை உயர அடிக்கச் சொல்லி அதையும் பழகிக்கொண்டாள். அதற்குப் பிறகு மாவட்டத்தில் இவளுக்கு ஈடாக நின்றவர்கள் இரண்டு பேர்தான். ஒருத்தி ரவுணில், யாழ்ப்பாண நகரத்தில், இருந்த ஒரு பிள்ளை. மற்றவள் கஜானி.

இப்போது 2002க்கு வருவோம். சண்டை நின்று, கொழும்புப் பாதை திறந்து, சனம் மூச்சு விட்ட வருடம். மாவட்டப் போட்டியில் எங்கள் தீவுக் கழகத்துக்காரிகள் இரண்டு பேரும் அரையிறுதியில் ஒருவரோடு ஒருவர் மோத வேண்டி வந்தது. இறுதியாட்டம் அன்று பின்னேரமே. ரவுண் பிள்ளைக்கு எதிராளி வராததால் அவள் ஆடாமலே இறுதிக்குப் போய், மின்விசிறிக்குக் கீழே காலை நீட்டிக்கொண்டிருந்தாள். கழகச் செயலாளர் கதிர்காமு எங்கள் இரண்டு பேரையும் கஜானியையும் மண்டபத்துக்கு வெளியே வேப்பமரத்தடிக்குக் கூப்பிட்டார். வேலணையில் சைக்கிள் கடை வைத்திருந்தவர். கஜானியின் தாய்க்கு ஒன்றுவிட்ட சகோதரம். மாமி மகளைத் தனியே விடமாட்டார் என்பதால் நான் எப்போதும் கூடப் போவேன். அன்றும் நின்றேன்.

"ரெண்டு பேரும் அடிபட்டுக் களைச்சால் பின்னேரம் ரவுண்காரி கப்பைத் தூக்கிக்கொண்டு போயிடுவாள்" என்றார் கதிர்காமு. "எங்கட ஒராள் களைக்காமல் போகவேணும். கஜானிக்குக் கம்பசுக்கு அப்ளிகேசன் போட சேட்டிபிக்கற் வேணும். இந்த முறை நீ விடு பிள்ளை."

அன்ரனிட்டா கஜானியைப் பார்த்தாள். "அடுத்த முறை?"

"அடுத்த முறை உன்ரை முறை. நான் விடுறன்" என்றாள் கஜானி.

"நெற்றுக்குள்ள அடிச்சு விடாதை, எல்லாருக்கும் தெரிஞ்சிடும்" என்று கதிர்காமு பாடமும் எடுத்தார். "பின்கோட்டுக்கு நீளமா அடி. ஒரு சாண் வெளிய விழட்டும். பாக்கிறவன் குறி தப்பீற்றுது எண்டு நினைப்பான்."

எனக்குக் கோபம் வந்தது. ஆனால் அன்ரனிட்டா தலையாட்டிவிட்டாள். அவள் ஏன் அவ்வளவு லேசாகத் தலையாட்டினாள் என்பதைச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் அவளை மடைச்சி என்று நினைப்பீர்கள். எங்கள் பக்கத்தில் ஆழமில்லாத கடலில் தடி நட்டு வலை கட்டிவைத்து மீன் பிடிப்பார்கள். மீன் வந்து ஏறுகிற நல்ல இடங்கள் கொஞ்சம்தான். அப்படி ஓர் இடத்தைப் பாடு என்போம். குடும்பங்கள் முறை வைத்து, ஒருவர் மாறி ஒருவர் அந்தப் பாட்டில் வலை கட்டுவார்கள். ஒரு வீட்டில் கலியாணம், செத்தவீடு, வருத்தம் என்று வந்தால் தன் முறையை இன்னொருவருக்கு விட்டுக் கொடுப்பார்கள். அவர் தன் முறை வரும்போது திருப்பிக் கொடுப்பார். எழுதுவதும் இல்லை, சாட்சி வைப்பதும் இல்லை. முறை தப்பினவன் என்று பெயர் எடுத்தவனுடைய வள்ளத்தைத் தள்ள ஒருவனும் தோள் கொடுக்கமாட்டான். அன்ரனிட்டா அந்தக் கரையில் பிறந்தவள். "அடுத்த முறை நான் விடுறன்" என்று ஒருத்தி சொன்னால் அது நடந்து முடிந்த காரியம் மாதிரித்தான் அவளுக்கு.

கஜானி பிறந்த வீடு வேறு. அங்கே காணி என்றால் உறுதிப் பத்திரம் வேண்டும், உறுதி என்றால் கையெழுத்து வேண்டும். இதை நாங்கள் யாரும் அந்த வேப்பமரத்தடியில் நினைத்துப் பார்க்கவில்லை.

அன்ரனிட்டா விட்டாள். அழகாக விட்டாள் என்றே சொல்லவேண்டும். ஒரு சாண், ஒரு சாண் என்று பின்கோட்டுக்கு வெளியே போட்டுக்கொண்டேயிருந்தாள். கஜானி பின்னேரம் ரவுண் பிள்ளையை வென்று கப்பை வாங்கினாள், பேப்பரில் படமும் வந்தது. பஸ்ஸில் திரும்பும்போது பண்ணைப் பாலத்துச் சோதனைச் சாவடியில் இறங்கி நடந்தோம். அங்கே நிற்கிற ஆமிக்காரன் ஒருவன் எப்போதும் இவளுடைய றக்கற் உறையைத் திறக்கச் சொல்வான், பார்த்துவிட்டு "வின்?" என்று கேட்பான். அன்றும் கேட்டான். "இல்லை" என்றாள் அன்ரனிட்டா, சிரித்துக்கொண்டே.

2003இல் அந்தக் கம்பனி வந்தது. கொழும்பில் பெரிய கம்பனி, பெயர் வேண்டாம். அங்கே கம்பனிகள் தங்களுக்கென்று விளையாட்டு அணி வைத்திருக்கின்றன. காலையில் பெயருக்கு ஒரு மேசையில் இருந்தால் போதும், பின்னேரம் மரத்தரை போட்ட மண்டபத்தில் பயிற்சி. சம்பளம் விளையாடுவதற்கு. வடக்கிலிருந்து ஒரு பெண்ணை ஒற்றையர் ஆட்டத்துக்கு எடுப்பதென்று தீர்மானித்து, அந்த வருடம் மாவட்டப் போட்டியில் வெல்கிறவளைத்தான் எடுப்போம் என்று அறிவித்துவிட்டார்கள். றக்கற்றைப் பிடித்துச் சீவிக்கலாம் என்று எங்கள் தீவில் அதற்கு முன் எவரும் கனவுகூடக் கண்டதில்லை. அன்ரனிட்டாவுக்குப் பத்தொன்பது வயது. அவள் மாறிவிட்டாள். விடிய எழும்பிச் சாட்டிக் கடற்கரை வரைக்கும் ஓடிவிட்டு வருவாள். "கூரைக்குக் கீழ நாள் முழுக்க விளையாடலாம், மச்சாள். காற்றைப் பாக்கத் தேவையில்லை" என்று இரவில் வேலிக்கு மேலால் என்னிடம் சொல்வாள். மாமி அவளுக்கென்று ஒரு சூட்கேஸ்கூட வாங்கி அலுமாரிக்கு மேலே வைத்துவிட்டார்.

கஜானிக்குக் கம்பஸ், பல்கலைக்கழக இடம், கிடைக்கவில்லை. புள்ளி போதவில்லை, சேட்டிபிக்கற்றும் கைகொடுக்கவில்லை. அதைப் பற்றி அவள் எங்களிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. வழக்கம்போல் வந்தாள், விளையாடினாள், சாப்பிட்டாள். போட்டிக்குக் கொஞ்ச நாள் இருக்கும்போது கிட்டங்கியில் வைத்து அன்ரனிட்டாவிடம் ஒன்று கேட்டாள்.

"எனக்குப் பின்கோட்டுக்கு அடிச்சுப் பழகவேணும். நீ சட்டில் போட்டுத் தாறியோ? ஒரு சாண் வெளிய விழுத்துறது லேசில்லை. உன்னை மாதிரி எனக்கு வராது."

இவளும் போட்டுக் கொடுத்தாள். நாள் கணக்காகக் கூடை கூடையாகப் போட்டுக் கொடுத்தாள். நான் சுவரோரம் குந்தியிருந்து விழுகிற சட்டிலைப் பொறுக்கினேன். முதலில் வெளியே விழுந்தது, பிறகு கோட்டில் விழுந்தது, பிறகு எதை நினைத்தாளோ அங்கே விழுந்தது. "இப்ப சரி, இப்ப சரி" என்று அன்ரனிட்டா கைதட்டினாள். தன் தோழி தனக்காக இவ்வளவு பாடுபடுகிறாளே என்று அவளுக்கு மனம் நிறைந்துபோயிருந்தது.

அரையிறுதியில் மறுபடியும் இரண்டு பேரும். முதல் வரிசைக் கதிரையில் கம்பனிக்காரி ஒருவர், பயிற்சியாளர் ஒருவர். அப்போது பெண்களுக்குப் பதினொரு பொயின்ற் ஆட்டம். கஜானியின் முதல் அடி உயரமாகப் பின்னுக்குப் போனது. அன்ரனிட்டா இரண்டு அடி பின்னே வந்து, றக்கற்றை இறக்கி, அதை விட்டாள். சட்டில் கோட்டில் விழுந்தது. உள்ளே. அவள் கஜானியைப் பார்த்துச் சின்னதாகச் சிரித்தாள், பரவாயில்லை, குறி தப்பிவிட்டது என்கிற மாதிரி. அடுத்ததையும் விட்டாள். உள்ளே. இன்னொன்று. உள்ளே. ஒவ்வொரு தடவையும் அது ஒரு சாண் வெளியே விழப்போகிறது என்று நம்பி நம்பி விட்டாள். கோட்டுக்காரர் உள்ளே, உள்ளே என்று கையை நீட்டிக்கொண்டேயிருந்தார். முதல் செற் 11-2.

இடைவேளையில் என்னிடம் தண்ணீர் வாங்க வந்தாள். முகம் வெளிறிப்போயிருந்தது.

"அவளுக்குக் குறி வரேல்லைப் போல" என்றாள்.

"விசரி. அவளுக்குக் குறி நல்லா வந்திருக்கு" என்றேன்.

அவள் தண்ணீரைக் குடிக்கவில்லை. திரும்பி, வலைக்கு அந்தப் பக்கம் முகம் துடைத்துக்கொண்டிருந்த கஜானியைப் பார்த்தாள். கஜானி துவாயை முகத்திலிருந்து எடுக்கவேயில்லை. அப்போதுதான் இவளுக்கு விளங்கியது.

இரண்டாம் செற்றில் எங்கள் கிட்டங்கி ஆட்டத்தை எல்லாரும் பார்த்தார்கள். விரல் உயரத்தில், நேராக, கண் மூடித் திறக்குமுன் அடித்தாள். 11-6. கம்பனிக்காரி கதிரை நுனிக்கு வந்துவிட்டார். மூன்றாவதில்தான் வினை. இப்போது இவள் எதையும் விடத் துணியவில்லை. வெளியே போகிற சட்டிலையும் ஓடி ஓடி அடித்தாள். கோட்டை அவளால் நம்ப முடியவில்லை, தன் கண்ணையும் நம்ப முடியவில்லை. ஒன்பது-பத்து என்று வந்தபோது கஜானி அடித்த சட்டில் உண்மையாகவே நீளமாகப் போனது. என் இடத்திலிருந்தே தெரிந்தது, ஒரு சாண் வெளியே. விட்டிருந்தால் போதும். அன்ரனிட்டா விடவில்லை. எட்டிப் பின்னால் வளைந்து அடித்தாள், அது சோர்ந்துபோய் வலைக்கு முன்னால் எழும்பியது, கஜானி குத்திவிட்டாள். அவ்வளவுதான்.

கஜானி இறுதியாட்டத்திலும் வென்றாள். கம்பனிக்காரி எங்கள் பக்கம் வந்து, இந்தப் பிள்ளையும் நன்றாக ஆடுகிறாளே, இரண்டு பேரும் முன்பு ஆடியிருக்கிறீர்களா என்று மொழிபெயர்த்துச் சொல்ல ஓர் ஆளை வைத்துக் கேட்டார். கதிர்காமு பக்கத்தில் நின்றார். கஜானி சொன்னாள்: "ஓம், போன வருசமும் விளையாடினது. அப்பவும் நான்தான் வெண்டனான்."

பொய்யில்லை. எழுத்தில் அப்படித்தான் இருந்தது. அன்ரனிட்டா கதிர்காமுவைப் பார்த்தாள். அவர் தன் மணிக்கூட்டைப் பார்த்தார்.

சவிரிமுத்து மாமா இரண்டு நாள் கடலுக்குப் போகவில்லை. மூன்றாம் நாள் வெள்ளைச் சேட்டைப் போட்டுக்கொண்டு வேலணைக்குப் புறப்பட்டார். மாமிக்குப் பயம், என்னையும் கூட அனுப்பினார். ஆழ்வாப்பிள்ளை நல்ல கதிரை போட்டு இருத்தினார். சறோஜினிதேவி, கஜானியின் தாய், தேத்தண்ணி கொண்டுவந்து வைத்தார். கஜானி வெளியே வரவில்லை. மாமா வேப்பமரத்தடியில் நடந்ததையெல்லாம் ஒன்றும் விடாமல் சொன்னார்.

ஆழ்வாப்பிள்ளை பொறுமையாகக் கேட்டார். "அண்ணை, இதெல்லாம் எங்கை எழுதிக் கிடக்கு?" என்றார். "போன வருசம் உங்கட பிள்ளை வேணுமெண்டு தோத்தவ எண்டு நீங்கள் வெளியில சொன்னால், தடை வாறது முதல் உங்கட பிள்ளைக்குத்தான். எனக்கு அவவும் பிள்ளை மாதிரி. அதுதான் சொல்லுறன்."

"உங்கட பிள்ளை சொன்ன சொல் இருக்கு" என்றார் மாமா.

"சின்னப் பிள்ளையள் விளையாட்டில ஆயிரம் கதைப்பினம்."

மாமா எழும்பினார். தேத்தண்ணி அப்படியே ஆறிப்போய் இருந்தது. "எங்கட கரையில முறை தப்பினவனுக்கு வள்ளம் தள்ள ஆள் வராது, ஐயா" என்று சொல்லிவிட்டுச் செருப்பைப் போட்டுக்கொண்டார். ஆழ்வாப்பிள்ளைக்குத் தள்ள வள்ளம் எதுவும் இல்லை. அது மாமாவுக்கும் தெரியும்.

கஜானி கொழும்புக்குப் போனாள். மாமி சூட்கேஸை அலுமாரிக்கு மேலேயிருந்து எடுத்து, பழைய உடுப்புகளைப் போட்டுக் கட்டிலுக்குக் கீழே தள்ளினார். 2004இலும் 2005இலும் மாவட்டத்தில் அன்ரனிட்டாதான் வென்றாள். இரண்டு கப் வீட்டில் இருக்கிறது, ஒன்றில் மாமி ஊசிநூல் போட்டுவைத்திருக்கிறார். எந்தக் கம்பனியும் வரவில்லை. அவர்களுக்கு வடக்கிலிருந்து ஒருத்தி வேண்டியிருந்தது, ஒருத்தி கிடைத்துவிட்டாள். நான் கஜானியை வாயில் வந்தபடியெல்லாம் திட்டுவேன். அன்ரனிட்டா திட்டமாட்டாள். அவள் கேட்டது வேறு.

"மச்சாள், நானும் அவளும் ஒருக்காலும் உண்மையா விளையாடேல்லை, கவனிச்சனீயே? ஒண்டு நான் விட்டது. மற்றது அவள் களவெடுத்தது. ஆர் நல்லா விளையாடுறது எண்டு எனக்குத் தெரியாது. முழுசா ஒரு மச் விளையாடவேணும். அதுக்குப் பிறகு தோத்தாலும் பரவாயில்லை."

2006 ஆவணியில் சண்டை தொடங்கி பாதை பூட்டியது. மாவட்டப் போட்டியும் இல்லை, கொழும்புப் பயணமும் இல்லை. கிட்டங்கியைக் கடற்படை எடுத்துக்கொண்டது. அதன் சுவரில் மண்மூட்டை அடுக்கி, துப்பாக்கி நீட்ட ஓட்டை வைத்துவிட்டார்கள், இரண்டு பக்கக் கோடும் மண்ணுக்குள் போயின. நாங்கள் அரிசிக்கும் மாவுக்கும் சங்கக்கடையில் வரிசையில் நின்றோம். அன்ரனிட்டா கோயிலடி முன்பள்ளியில் பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுக்கப் போனாள். கொஞ்ச நாள் வீட்டுச் சுவரில் அடித்துப் பார்த்தாள். அந்தச் சத்தத்துக்கு றோந்து போகிற நேவிக்காரர் படலையைத் தட்டினார்கள். அதோடு மாமி றக்கற்றைப் பிடுங்கிக் குசினிப் பரணில் போட்டுவிட்டார். பட்மின்ரனுக்குப் புள்ளி எண்ணுகிற முறையே உலகம் முழுக்க மாறிவிட்டது, இனி இருபத்தொன்று என்ற செய்தியை அவள் மண்ணெண்ணெய்ப் போத்தலைச் சுற்றி வந்த பழைய பேப்பரில்தான் வாசித்தாள்.

இன்னொரு பழைய பேப்பரில் கஜானியின் படம் வந்தது, கம்பனிகளுக்கிடையிலான போட்டியில் வென்றதாக. நான் அதைக் கிழிக்கப் போனேன். அன்ரனிட்டா வாங்கி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். "முழங்கையை உயத்திப் பிடிக்கப் பழக்கிப்போட்டினம். முந்தி இப்பிடிப் பிடிக்கமாட்டாள்" என்றாள். அந்தப் படத்தை எவ்வளவு நேரம் பார்த்தாள் என்று கேட்காதீர்கள். எனக்கு அவளைப் பார்க்கவே பொறுக்கவில்லை.

2009இல் எல்லாம் முடிந்தது என்றார்கள். அந்த வருடக் கடைசியில் அதே கம்பனி யாழ்ப்பாணத்தில் நட்புப் போட்டி ஒன்று வைத்தது. தங்கள் வடக்குப் பிள்ளையை ஊருக்குக் கூட்டிவந்து காட்ட வேண்டும், எதிரே நிற்க உள்ளூரில் ஓர் ஆள் வேண்டும். கதிர்காமு சைக்கிளில் வந்து எங்கள் படலையில் நின்றார். தலை நரைத்துப் போயிருந்தது. நான் அவருக்கு வாய் நிறையக் கொடுத்தேன், அவர் வாங்கிக்கொண்டு நின்றார். அன்ரனிட்டா உள்ளேயிருந்து வந்து ஒன்றுதான் கேட்டாள்.

"மூண்டு செற்றும் முழுசா வைப்பினமோ, அண்ணை?"

"ஓம் பிள்ளை, வைப்பினம்."

"அப்ப வாறன்."

மாமா பரணில் ஏறி றக்கற்றை எடுத்தார். நரம்பு இற்றுப் போயிருந்தது. புதுத் தங்கூசி போட்டு இரவு முழுக்க இழுத்துக் கட்டினார்.

மண்டபத்தில் நல்ல சனம். கஜானி வெள்ளைச் சப்பாத்தும் கம்பனியின் பெயர் எழுதிய பெனியனுமாக வந்தாள். உடம்பு உருண்டு திரண்டு, உண்மையான விளையாட்டுக்காரியாக இருந்தாள். என்னைப் பார்த்ததும் வேறு பக்கம் திரும்பினாள். ஆட்டம் தொடங்குமுன் வலைக்குக் கிட்ட வந்து அன்ரனிட்டாவிடம் தணிந்த குரலில் பேசினாள். நான் பக்கத்தில் தண்ணீர்ப் போத்தலோடு நின்றபடியால் கேட்டது.

"நீ பயப்பிடாதை. இண்டைக்கு உன்ரை முறை. நான் விடுறன்."

அன்ரனிட்டா குனிந்தாள். சப்பாத்து நாடாவை இறுக்கிக் கட்டினாள்.

கஜானியின் முதல் அடி உயரமாகப் பின்னுக்குப் போனது. ஒரு சாண் வெளியே விழுகிற அடி. அதை இந்த ஊரில் என்னைவிட அதிகமாகப் பொறுக்கினவர்கள் இல்லை, எனக்குத் தெரியும். அன்ரனிட்டா பின்னே ஓடிக் கோட்டைத் தாண்டிப் போய் அதை அடித்துத் திருப்பினாள். அடுத்ததும் வெளியே. அதையும் எட்டி அடித்தாள். ஒன்றையும் நிலத்தில் விழ விடவில்லை. சனம் சிரித்தது. "கோடு தெரியாமல் ஓடுறாள், பாவம்" என்று எனக்குப் பின்னால் ஒருவன் சொன்னான். திரும்பி அவனைப் பார்த்தேன், வாயை மூடிக்கொண்டான். கஜானி இன்னும் நீளமாக அடித்தாள், அன்ரனிட்டா கோட்டுக்காரரின் கதிரையில் இடித்துக்கொண்டு அதையும் திருப்பினாள். முழங்கையில் இரத்தம். கஜானி சட்டிலைக் கையில் எடுத்துக்கொண்டு அந்த இரத்தத்தைப் பார்த்தாள். அவளுக்கு விளங்கிவிட்டது. அதற்குப் பிறகு அவள் உண்மையாக ஆடத் தொடங்கினாள்.

ஐயோ, என்ன ஆட்டம் ஆடினாள். எனக்கு விளையாட்டுத் தெரியாது, ஆனால் கண் இருக்கிறது. அன்ரனிட்டாவின் நேர் அடிகளை அவள் வலைக்கு முன்னாலேயே மறித்தாள். இவள் இடது பக்கம் போக நினைக்குமுன் சட்டில் அங்கே கிடந்தது. என் மச்சாள் தன்னால் முடிந்த எல்லாவற்றையும் கொடுத்தாள், கிட்டங்கியில் பழகின ஒவ்வொன்றையும் எடுத்து அடித்தாள். இரண்டு இடத்தில் மண்டபமே கைதட்டியது. ஆனாலும் 21-14, 21-16. மூன்றாவது செற் தேவைப்படவில்லை.

கை கொடுக்க வந்த கஜானியின் கண் கலங்கியிருந்தது. "நான் விட்டுத்தானே தந்தனான். ஏன் எடுக்கேல்லை?" என்றாள்.

"நீர் இண்டைக்குத் தந்தனீர். எனக்கு அது வேண்டியிருந்தது அண்டைக்கு" என்றாள் அன்ரனிட்டா. அவள் கஜானியை நீர் என்று சொன்னதை நான் அதுவரை கேட்டதேயில்லை. கையைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டாள்.

பஸ்ஸில் யன்னலோரம் இருந்தாள். றக்கற் உறையை மடியில் வைத்துக்கொண்டாள். பிறகு சொன்னாள்.

"இப்ப தெரிஞ்சிட்டுது, மச்சாள். அவள்தான் நல்லா விளையாடுறாள்."

"ஆறு வருசம் மரத்தரையில விளையாடினால் நான்கூட விளையாடுவன்" என்றேன்.

"அதுதான் சொல்லுறன்" என்றாள். "அண்டைக்கு அவளை நான் வெண்டிருப்பன். இண்டைக்கு ஏலாது. இனி ஒருக்காலும் ஏலாது. கப்பை மட்டும்தான் கொண்டு போனாள் எண்டு இவ்வளவு காலமும் நினைச்சுக்கொண்டிருந்தனான். அந்த ஆறு வருசத்தையும் கொண்டு போயிட்டாள்."

அதற்குப் பிறகு அழுதாள். 2003இல் அழாதவள், றக்கற் உறைக்குள் முகத்தை வைத்துக்கொண்டு, பஸ்ஸில் உள்ளவர்கள் எல்லாரும் பார்க்க அழுதாள். நான் தடுக்கவில்லை.

பண்ணையில் இறக்கி நடக்கவிட்டார்கள். சண்டை முடிந்தும் சாவடி எடுபடவில்லை. நின்றவன் புது ஆள், சின்ன வயது. உறையைத் திறக்கச் சொன்னான். தங்கூசி நரம்பை விரலால் தட்டிப் பார்த்தான், அது டொங் என்றது. அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"வின்?" என்று கேட்டான்.

"இல்லை" என்றாள் அன்ரனிட்டா.

முன்பும் அந்த இடத்தில் அவள் அப்படிச் சொல்லியிருக்கிறாள். கஜானியிடம் உண்மையாகத் தோற்றுவிட்டுச் சொன்னது அன்றைக்குத்தான். றக்கற்றை உறைக்குள் வைத்து மூடிவிட்டு எனக்கு முன்னே நடந்து போய் பஸ்ஸில் ஏறினாள்.